வட்டத்திற்கு வெளியே: அணுவிபத்துக்குப் பிந்தைய மீட்சிக் கொள்கையும் விழுப்புரம் – திண்டிவனம் பகுதியும்

ஆய்வுச் சுருக்கம்

அணுவுலை விபத்துக்குப் பின் ஒரு சமூகம் மீள்வதற்கான அரசுக் கொள்கை, ‘பாதிக்கப்பட்டவர் யார்’ என்னும் வினாவைப் பெரும்பாலும் வரைபடத்தில் இடும் கோட்டைக் கொண்டே தீர்க்க முற்படுகிறது. புகுசிமா விபத்துக்குப் பின் ஜப்பானிய அரசு வரைந்த எல்லைகளும், இந்தியாவின் வழிகாட்டுநெறிகள், பொறுப்புச் சட்டம், நிவாரண விதிகள் ஆகியனவும் இக்கட்டுரையில் ஒப்பிட்டு நோக்கப்படுகின்றன. கல்பாக்கம் அணுவுலை வளாகத்திற்குத் தென்மேற்கே அமைந்த விழுப்புரம் மாவட்டக் கடற்கரையும் திண்டிவனம் பகுதியும் இக்கொள்கைக்குள் இடம்பெறாமல் போகும் முறை ஆராயப்படுகிறது. 2004 ஆழிப்பேரலை, 2024 ஃபெஞ்சல் புயல் ஆகியவற்றின் பின் இப்பகுதி பெற்ற பட்டறிவு சான்றாகக் கொள்ளப்படுகிறது.

திறவுச்சொற்கள்: அணுவிபத்து, மீட்சி, நிவாரணம், இழப்பீடு, கல்பாக்கம், மரக்காணம், ஓய்மா நாடு, இருளர்.

ஓர் அலை, இரு பதிவுகள்

2004 டிசம்பர் 26 காலையில் வங்கக் கரையைத் தாக்கிய ஆழிப்பேரலை, கல்பாக்கத்திலுள்ள சென்னை அணுமின் நிலையத்தின் கடல்நீர் இறைக்கும் கூடத்திற்குள் புகுந்தது. இயங்கிக்கொண்டிருந்த இரண்டாம் அலகு பாதுகாப்பாக நிறுத்தப்பட்டது. முதல் அலகு சீரமைப்புப் பணிக்காக முன்னரே நிறுத்தப்பட்டிருந்தது. முன்மாதிரி வேக ஈனுலைக்காகத் தோண்டப்பட்டிருந்த அடித்தளப் பள்ளத்தில் கடல்நீர் நிறைந்தது. ஊழியர் குடியிருப்பில் உயிரிழப்பு நேர்ந்தது. கதிர்வீச்சுக் கசிவு நிகழவில்லை. 2005 ஜனவரித் தொடக்கத்திலேயே இரண்டாம் அலகு மீண்டும் இயங்கத் தொடங்கியது. அணுசக்தித் துறை இதனைத் தன் பொறியியல் ஏற்பாடுகளின் வெற்றியாகக் கருதுவதில் பிழையில்லை.

அதே காலைப்பொழுதில் அதே அலை அன்றைய திண்டிவனம், வானூர் வட்டங்களின் கடற்கரைக் குப்பங்களையும் தாக்கியது. விழுப்புரம் மாவட்டத்தில் உயிரிழந்தோர் ஐம்பதின்மருக்கும் குறைவு. நாகப்பட்டினத்திலோ ஆறாயிரத்தைக் கடந்தது. இவ்வேறுபாட்டால் விழுப்புரம் கடற்கரை பேரிடர் எழுத்துகளில் அடிக்குறிப்பு அளவிலேயே நின்றுபோனது. ஆக, ஓர் அலை இருவகைப் பதிவுகளை விட்டுச் சென்றது: ஒன்று அணுவுலைப் பாதுகாப்பு நூல்களில், மற்றொன்று நிவாரணக் கணக்குகளில். அணுவுலையைப் பற்றி எழுதுவோர் குப்பங்களைப் பேசுவதில்லை; குப்பங்களைப் பற்றி எழுதுவோர்க்கு அணுவுலை தொலைவிலுள்ள ஒரு புகைபோக்கி மட்டுமே. இவ்விரு பதிவுகளையும் ஒருங்கே வைத்துப் படிக்கும் தேவையை 2011 மார்ச் 11 உணர்த்தியது. அன்று புகுசிமா தாய்-இச்சி நிலையத்திலும் கடல்நீரே உள்ளே புகுந்தது. ஆனால் அங்கு மின்சாரமும் குளிர்விப்பும் ஒருசேர இழக்கப்பட்டு உலைக்கருக்கள் உருகின.

கல்பாக்கத்தின் உலைகள் 220 மெகாவாட் திறன் கொண்ட கனநீர் உலைகள்; புகுசிமாவினவோ வடிவிலும் அளவிலும் வேறானவை. எனவே அங்கு நிகழ்ந்தது இங்கும் அவ்வாறே நிகழும் என்பது இக்கட்டுரையின் துணிபன்று. விபத்தின் வாய்ப்பைக் கணிப்பது பொறியியலாரின் பணி. விபத்துக்குப் பின் யார் யார் கணக்கில் கொள்ளப்படுவர் என்பதை முன்கூட்டியே வகுப்பது கொள்கையின் பணி. அக்கொள்கையின் சொற்களைப் படிப்பதே ஈண்டு மேற்கொள்ளப்படுகிறது.

பதினாறு கிலோமீட்டரும் நாற்பது கிலோமீட்டரும்

இந்திய நடைமுறையில் அணுமின் நிலையத்தைச் சுற்றி 16 கி.மீ. ஆரமுள்ள பரப்பே அவசரநிலைத் திட்ட மண்டலம் எனப்படுகிறது. வெளியேற்றம், தங்குமிடம், அயோடின் மாத்திரை வழங்கல், ஒத்திகை ஆகிய அனைத்தும் இம்மண்டலத்தை மையமாகக் கொண்டே திட்டமிடப்படுகின்றன. தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையம் 2009 பிப்ரவரியில் வெளியிட்ட அணு, கதிரியக்க அவசரநிலை வழிகாட்டுநெறிகளும் தடுப்பு, தணிப்பு, தயார்நிலை, எதிர்வினை ஆகியவற்றிற்கே மிகுதியும் இடந்தருகின்றன. விபத்து முடிந்து பத்தாண்டு கழிந்த பின் ஓர் ஊர் எவ்வாறு ஊராக நீடிக்கும் என்பதற்கு அவற்றில் கிடைக்கும் இடம் சிறிது.

கல்பாக்கத்திலிருந்து மரக்காணம் நேர்கோட்டில் ஏறத்தாழ 45 கி.மீ.; திண்டிவனம் 65 கி.மீ. அளவு, விழுப்புரம் நகரம் 100 கி.மீ. அளவு. விழுப்புரம் மாவட்டம் முழுவதுமே அம்மண்டலத்திற்கு வெளியே அமைகிறது. (தமிழில் ‘வட்டம்’ என்பது வடிவத்தையும் வருவாய்த்துறையின் நிருவாகப் பிரிவையும் ஒருசேரக் குறிப்பது ஈண்டுக் கவனிக்கத்தக்கது. மரக்காணம் வட்டத்து மக்கள் அணுவுலையின் வட்டத்திற்குள் வரமாட்டார்கள்.)

இவ்விடத்தில் ஜப்பானின் ஈதாத்தே என்னும் சிற்றூர் நினைவுகூரத்தக்கது. அணுவுலையிலிருந்து சற்றேறக்குறைய 30 முதல் 50 கி.மீ. வரையிலான தொலைவில், வடமேற்கு மலைப்பகுதியில் பரந்திருப்பது அவ்வூர். 2011 மார்ச் 12 மாலைக்குள் வெளியேற்ற எல்லை 3, 10, 20 கி.மீ. எனப் படிப்படியாக விரிந்தது. 20 முதல் 30 கி.மீ. வரை உள்ளோர் வீட்டினுள் இருக்குமாறு மார்ச் 15இல் கூறப்பட்டனர். ஈதாத்தே பெரும்பாலும் இவ்வெல்லைகள் அனைத்திற்கும் வெளியே இருந்தது. கடற்கரையிலிருந்து தப்பி வந்தோர்க்கு அவ்வூர் மக்கள் உணவும் உறைவிடமும் தந்தனர். காற்றும் மழையும் பனியும் கதிரியக்கப் பொருளை அத்திசையிலேயே இறக்கியிருந்தன. ஏப்ரல் 22இல்தான் அவ்வூர் ‘திட்டமிட்ட வெளியேற்றப் பகுதி’ என அறிவிக்கப்பட்டது. ஏறக்குறைய ஆறாயிரம் மக்கள் தம் ஊரை விட்டு அகன்றனர்.

வட்டம் என்பது காற்றின் வடிவம் அன்று. தமிழகக் கடற்கரையில் அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவக்காற்று வீசுகிறது. கல்பாக்கத்திலிருந்து நோக்கின் அது செல்லும் திசையிலேயே மரக்காணமும் திண்டிவனமும் உள்ளன. 2004இன் அலை வந்ததும் அப்பருவத்தின் இறுதியில்தான்.

நிவாரணமும் இழப்பீடும்

தமிழில் பேரிடருக்குப் பிந்தைய அரசுச் செயல்பாட்டைக் குறிக்க ‘நிவாரணம்’, ‘இழப்பீடு’, ‘மறுவாழ்வு’, ‘புனரமைப்பு’ ஆகிய சொற்கள் அரசாணைகளிலும் செய்திகளிலும் மாறி மாறி ஆளப்படுகின்றன. சட்ட நோக்கில் இவை ஒருபொருட் பன்மொழிகள் அல்ல. நிவாரணம் அரசு தன் கருணையாலோ கடமையாலோ உடனே தருவது; மெய்ப்பிக்க வேண்டிய சுமை குறைவு, தொகையும் குறைவு. இழப்பீடு தீங்கிழைத்தவரிடமிருந்து பெறுவது. தொகை மிகுதியாகலாம், ஆனால் கோருபவரே தம் இழப்பை நிறுவ வேண்டும்.

மாநிலப் பேரிடர் மீட்பு நிதிக்கு நடுவண் அரசு ஏற்றுள்ள பேரிடர்களின் பட்டியலில் புயல், வறட்சி, நிலநடுக்கம், தீ, வெள்ளம், ஆழிப்பேரலை, ஆலங்கட்டி மழை, நிலச்சரிவு, பனிச்சரிவு, மேகவெடிப்பு, பூச்சித்தாக்குதல், உறைபனி – குளிரலை எனப் பன்னிரண்டு உள்ளன. அணுவிபத்து அவற்றுள் இல்லை. 2005ஆம் ஆண்டுப் பேரிடர் மேலாண்மைச் சட்டம் மனிதரால் விளையும் பேரிடரையும் பேரிடராகவே வரையறுக்கிறது. நிதி விதியோ அதனை விட்டுவிடுகிறது. ஆகவே அணுவிபத்தால் வாழ்விழந்தவர் நிவாரணத்தின் வாயிலில் நிற்க இயலாது. இழப்பீட்டின் வாயிலுக்கே அனுப்பப்படுவார்.

அவ்வாயிலைத் திறந்த அணுச் சேதத்திற்கான உரிமையியல் பொறுப்புச் சட்டம் (2010) எவ்வாறு அமைந்தது என நோக்க வேண்டும். நிலையத்தை இயக்குபவரின் பொறுப்பை அது ரூ. 1,500 கோடி என வரம்பிட்டது. சொத்திழப்புக்கு 10 ஆண்டு, உடற்கேட்டிற்கு 20 ஆண்டு எனக் கோரிக்கைக்குக் காலவரம்பும் விதித்தது. வரம்புத் தொகையைப் பற்றி நாடாளுமன்றத்திலும் வெளியிலும் விரிவாகவே வாதிடப்பட்டது. வழங்குநரிடம் இயக்குபவர் மீளக் கோரும் உரிமை பற்றிய வாதம் பன்னாட்டு அளவிலும் எழுந்தது. இவ்வாரவாரத்தில் ‘அணுச் சேதம்’ என்பதன் வரையறை போதிய கவனம் பெறவில்லை. உயிரிழப்பு, உடற்கேடு, சொத்திழப்பு ஆகியன அவ்வரையறையில் நேரடியாக இடம்பெற்றன. பொருளியல் இழப்பு, சுற்றுச்சூழலைச் சீரமைக்கும் செலவு, சுற்றுச்சூழலைப் பயன்படுத்தி ஈட்டும் வருமானத்தின் இழப்பு ஆகியனவோ ‘நடுவண் அரசு அறிவிக்கும் அளவிற்கு’ என்னும் நிபந்தனையோடு சேர்க்கப்பட்டன.

கடலும் உப்பளமும் கழுவெளியும் எவருடைய சொத்தும் அல்ல. அவற்றை நம்பி வாழ்வோர்க்கு அவை வருமானம். மரக்காணத்து உப்பளத் தொழிலாளிக்குப் பாத்தி சொந்தமில்லை, விளையும் உப்பும் சொந்தமில்லை. கூலி ஒன்றே சொந்தம். அச்சட்டத்தின் வரையறையில் அவருடைய இழப்பு முழுவதும் அந்த நிபந்தனைத் தொடருக்குள் அடங்கிவிட்டது. 1,500 கோடியா, அதனினும் மிகுதியா என்னும் வாதத்தில் யார் வென்றிருந்தாலும் இந்நிலை மாறியிராது.

இருநூறு மீட்டர்

கோடு வரைந்து மீட்சியைத் திட்டமிடும் முறை இக்கடற்கரைக்குப் புதிதன்று. ஆழிப்பேரலைக்குப் பின் தமிழக அரசின் வருவாய்த்துறை 2005 மார்ச் 30இல் வெளியிட்ட 172ஆம் எண் அரசாணை, உயர் அலைக் கோட்டிலிருந்து 200 மீட்டர் என்னும் எல்லையை வைத்து வீட்டுக் கொள்கையை வகுத்தது. அவ்வெல்லைக்குள் வாழ்ந்தோர் அப்பால் சென்று குடியேற இசைந்தால் புதுவீடு பெறுவர். பழைய மனையை விட்டுக்கொடுக்க வேண்டும். அங்கேயே இருக்க விரும்புவோர் இருக்கலாம், தம் செலவில் வீட்டைச் செப்பனிடலாம். அரசின் உதவி கிடைக்காது. புதுவீட்டின் பட்டா கணவன், மனைவி இருவர் பெயரிலும் வழங்கப்பட்டது பாராட்டத்தக்க கூறு.

இவ்வாணை எவரையும் கட்டாயப்படுத்தவில்லை என்று வாதிடலாம். எனினும் உதவியை ஒருபக்கம் மட்டும் வைத்துவிட்டுத் தெரிவு செய்யச் சொல்வது தெரிவாகுமா என்னும் வினா எழாமலில்லை. மீனவர்க்குக் கடலைப் பார்த்த வீடு காட்சிக்கானது அன்று. படகைக் காப்பதும், கடலின் நிறத்தையும் நீரோட்டத்தையும் அறிவதும், கரைவலை இழுக்கக் கூடுவதும் அவ்விடத்திலிருந்தே நிகழ்கின்றன. இதே அமைப்பு சில ஆண்டுகளுக்குப் பின் புகுசிமாவில் திசைமாறித் தோன்றியது. அங்கு ஆணைக்குட்பட்ட பகுதியினர்க்கு மனவேதனைக்கென ஆளுக்கு மாதம் ஒரு லட்சம் யென் வழங்கப்பட்டது. எல்லைக்கு வெளியிலிருந்து அச்சத்தால் வெளியேறியோர் ‘தாமாக வெளியேறியவர்’ எனப்பட்டு, ஒருமுறைத் தொகையும் இலவசக் குடியிருப்புமே பெற்றனர். அக்குடியிருப்பு உதவியும் 2017 மார்ச்சுடன் நிறுத்தப்பட்டது. தமிழகக் கடற்கரையில் தங்குபவர் உதவி இழந்தார். புகுசிமாவில் வெளியேறியவர் உதவி இழந்தார். திசை எதுவாயினும், கோட்டுக்கு எதிராகத் தெரிவு செய்தவரே இழந்தவர்.

மினாமிசோமா நகரின் நிலை இன்னும் கூர்மையானது. அந்நகரின் ஒரு பகுதி 20 கி.மீ. எல்லைக்குள்ளும், ஒரு பகுதி 20 – 30 கி.மீ. இடையிலும், எஞ்சியது 30 கி.மீ. கடந்தும் அமைந்தது. ஒரே நகரத்தார், ஒரே சந்தைக்குச் சென்றவர்கள், இழப்பீட்டில் மூவகையினராயினர். பணத்தைவிட அயலாரிடையே விழுந்த பிளவே ஆற்ற அரிதாயிற்று.

அடங்கலில் இல்லாதவர்

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரையைக் கடந்தது. மயிலத்தில் ஒரே நாளில் 50 செ.மீ. அளவில் மழை பெய்தது. சாத்தனூர் அணையின் திறப்பால் தென்பெண்ணை பெருக்கெடுத்தது. விழுப்புரம் மாவட்டத்தின் வயல்களும் குடியிருப்புகளும் நீரில் மூழ்கின. விழுப்புரம், கடலூர், கள்ளக்குறிச்சி மாவட்டங்களில் பாதிக்கப்பட்ட குடும்பங்களுக்கு குடும்ப அட்டை அடிப்படையில் ரூ. 2,000, முற்றிலும் சேதமுற்ற குடிசைக்கு ரூ. 10,000, 33 விழுக்காட்டுக்கு மேல் சேதமுற்ற நெற்பயிருக்கு எக்டேருக்கு ரூ. 17,000 என மாநில அரசு அறிவித்தது.

இவ்விரைவு அணுவிபத்துக்கான எந்த ஏற்பாட்டிலும் இல்லை என்பது முதலில் சொல்லப்பட வேண்டும். அதே வேளையில் இந்நிவாரணம் எந்தெந்த ஆவணத்தின் மேல் நிற்கிறது என்பதையும் பார்க்க வேண்டும்: குடும்ப அட்டை, பட்டா, கிராம நிருவாக அலுவலரின் அடங்கல். வாய்மொழிக் குத்தகையில் பயிரிடுபவர் அடங்கலில் இல்லை. ஏரிக்கரையிலும் புறம்போக்கிலும் குடிசையிட்டு, செங்கல் சூளைக்கும் கரும்பு வெட்டுக்கும் இடம்பெயரும் இருளர் குடும்பங்களுள் பலர்க்கு மனைப்பட்டாவும் சாதிச் சான்றிதழும் நெடுங்காலப் போராட்டத்தின் பின்னரே கிட்டுகின்றன. திண்டிவனத்தை மையமாகக் கொண்ட பழங்குடி இருளர் பாதுகாப்புச் சங்கத்தின் வழியாகப் பேராசிரியர் பிரபா கல்விமணி முதலியோர் ஆற்றிய பணி இத்துறையில் குறிப்பிடத்தக்கது.

ரூ. 2,000 பெறுவதற்கே ஆவணம் தடையாகுமாயின், பதினைந்தாண்டு கழித்துத் தோன்றும் நோய்க்கு, ‘விபத்தின்போது நான் இன்ன ஊரில் இருந்தேன்’ என ஒரு சூளைத் தொழிலாளி எங்ஙனம் நிறுவுவார்? கதிர்வீச்சின் தீங்கு காலம் தாழ்த்தி வருவது. சான்றோ அன்றே திரட்டப்பட வேண்டியது. ஜப்பானில் குடியிருப்புப் பதிவேடு உறுதியானது. அங்கேயே யார் எவ்வளவு கதிர்வீச்சுக்கு ஆட்பட்டார் என்பது முதல் நாட்களின் நடமாட்டத்தை நினைவிலிருந்து கேட்டு மதிப்பிடப்பட்டது. உலை வெடிப்புகளிலோ கதிர்வீச்சிலோ அன்றி, வெளியேற்றத்தின் அலைச்சலாலும் மருத்துவத் தொடர்ச்சியின்மையாலும் மாண்டோரை ‘பேரிடர் சார்ந்த இறப்பு’ என்னும் வகையில் அந்நாடு கணக்கிட்டது ஒரு முன்னேற்றம். புகுசிமா மாநிலத்தில் அவ்வெண்ணிக்கை 2,300ஐக் கடந்து, நிலநடுக்கத்தாலும் அலையாலும் நேரடியாக மாண்டோரின் எண்ணிக்கையை விஞ்சியது. அத்தகையதொரு வகைப்பாடு இந்திய நிவாரண விதிகளில் இல்லை.

ஓய்மா நாட்டின் பொருளியல்

கிலோமீட்டர்க் கோட்டுக்கு மாற்றாக எதனை அலகாகக் கொள்வது? இவ்வினாவிற்குத் தமிழிலக்கியம் பயின்றோர் சிறுபாணாற்றுப்படையை மீண்டும் புரட்டலாம். ஓய்மா நாட்டு நல்லியக்கோடனிடம் செல்லும் பாணன், எயிற்பட்டினத்து நெய்தல், வேலூர் முல்லை, ஆமூர் மருதம் எனக் கடந்து கிடங்கிலை அடைகிறான். எயிற்பட்டினத்தை மரக்காணத்தோடு ஒப்பிடுவது ஆய்வாளர் மரபு. கிடங்கில் இன்றைய திண்டிவனத்தின் ஒரு பகுதி. உமணர் உப்புவண்டியோடு உள்நாடு செல்லும் காட்சியும் அந்நூலில் உண்டு. திணைகள் அங்கே தனித்தனித் தீவுகள் அல்ல, ஒரு பயணத்தால் கோக்கப்பட்டவை. பழம்பெருமைக்காக இது நினைவூட்டப்படவில்லை. அப்பிணைப்பு இன்றும் உயிரோடிருப்பதால் சொல்லப்படுகிறது. மரக்காணத்து மீனும் உப்பும் திண்டிவனம் சந்தைக்குச் செல்கின்றன. பெண்கள் கூடையில் மீன் சுமந்து உள்ளூர்களில் விற்கின்றனர். மணற்பாங்கான நிலங்களின் தர்பூசணி நெடுஞ்சாலையோரம் குவிகிறது. மணிலாப் பயிர் விழுப்புரம் ஒழுங்குமுறை விற்பனைக்கூடம் வரை வருகிறது. திண்டிவனம் எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையம் உருவாக்கிய டி.எம்.வி. நிலக்கடலை இரகங்கள் அவ்வூரின் பெயரையே தாங்கியுள்ளன.

ஊரின் பெயர் பொருளின் மதிப்பாகும்போது, அப்பெயருக்கு வரும் களங்கமும் இழப்பே. ஜப்பானிய மொழியில் இதற்கென ‘ஃபூஹ்யோ ஹிகாய்’ – வதந்தியால் வரும் சேதம் – என்னும் தொடர் வழங்குகிறது. 2023 ஆகஸ்ட் 24இல் சுத்திகரிக்கப்பட்ட நீரைக் கடலில் விடத் தொடங்கியபோது சீனா ஜப்பானியக் கடலுணவுக்குத் தடை விதித்தது. மீனவர்க்கென ஜப்பானிய அரசு முன்னரே 8,000 கோடி யென் அளவில் நிதியங்கள் அமைத்திருந்தது. இத்தொடர் குறைபாடற்றதன்று. உண்மையான மாசையும் ‘வதந்தி’ என ஒதுக்கி, ஐயுற்ற நுகர்வோரைக் குற்றவாளியாக்கும் வாய்ப்பு அதில் உண்டு. ஆயினும் மாசு படியாத ஊரின் விளைபொருளும் வாங்குவாரின்றிப் போகும் என்பதைக் கொள்கை மொழியில் ஏற்ற அளவில் அதற்குப் பயனுண்டு. 2011 மார்ச்சில் சீன நகரங்களில் மக்கள் உப்பை வாங்கிக் குவித்தனர். இனிவரும் கடலுப்பு மாசுறும் என்னும் அச்சம் அதற்கொரு காரணம். அத்துணை நெடுந்தொலைவிலேயே அந்நிலை எனின், கல்பாக்கம் என்னும் பெயர் செய்தியில் வந்த மறுநாள் மரக்காணத்து உப்பை யார் வாங்குவர்? அளவுகருவி எதனைக் காட்டினாலும் அவ்வுப்பு விலைபோகாது.

தொழிலிழப்பைக் கோடின்றி ஏற்கும் முறை தமிழக அரசிடம் ஏற்கெனவே உள்ளது என்பதே இதில் வியப்பு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான மீன்பிடித் தடைக்காலத்திற்கு மீனவக் குடும்பங்கள் நிவாரணம் பெறுகின்றன, அத்தொகை ரூ. 5,000இலிருந்து ரூ. 8,000 ஆக உயர்த்தப்பட்டது. மழைமாதங்களில் வேலையற்றிருக்கும் உப்பளத் தொழிலாளர்க்கு ரூ. 5,000 வழங்கப்படுகிறது. தொகை சிறிது, கொள்கை நோக்கில் பெரிது. நிலமும் வீடும் இன்றி, தொழில் நின்றது என்பதாலேயே ஒருவர் உரியவராகிறார். அணுவிபத்து ஏற்பாட்டில் இவ்வடிப்படை எட்டிப்பார்க்கவே இல்லை.

திரும்புதல், ஏற்றல்

புகுசிமாவில் மீட்சியின் அளவுகோலாக ‘திரும்புதல்’ கொள்ளப்பட்டது. ஆண்டுக்கு 20 மில்லிசீவர்ட்டுக்குக் கீழ் குறைந்தால் ஆணை நீக்கப்படலாம் என்பது விதி. செர்னோபில் விபத்துக்குப் பின் 1991இல் உக்ரைன் இயற்றிய சட்டம் 1 மில்லிசீவர்ட்டைக் கடந்த இடத்தவர்க்கே அரசுச் செலவில் வெளியேறும் உரிமையை ஏற்றது. ஜப்பானின் 2012ஆம் ஆண்டுச் சிறார் ஆதரவுச் சட்டம் தங்குதல், வெளியேறுதல், திரும்புதல் மூன்றையும் சமமான தெரிவுகளாக ஏட்டளவில் ஏற்றது. நிதி ஒதுக்கீடு அதனைத் தொடரவில்லை. ஈதாத்தேயின் பெரும்பகுதியில் 2017 மார்ச் 31இல் ஆணை நீங்கியது. திரும்பியோர் சிறுபான்மையினர், அவருள்ளும் முதியோர் மிகுதி. பள்ளி திறந்தது, கடை திறந்தது. பேரக்குழந்தைகள் வேறு நகரத்தில் வளர்ந்திருந்தனர்.

வெளியேறுவோரை ஏற்கும் ஊர்களைப் பற்றி எக்கொள்கையும் மிகுதியாகப் பேசுவதில்லை. நமியே நகரத்தார் ஆயிரக்கணக்கில் மலைப்புறத்துச் சுஷிமாவிற்குச் சென்று தங்கினர். கதிரியக்க முகில் சென்ற திசையும் அதுவே. பரவலைக் கணிக்கும் கணினி அமைப்பின் முடிவுகள் அவர்களுக்கு உரிய வேளையில் சொல்லப்படவில்லை. கல்பாக்கத்திலிருந்து தெற்கே வெளியேறுவோர்க்குக் கிழக்குக் கடற்கரைச் சாலை மரக்காணத்தையும், மதுராந்தகம் வழியான நெடுஞ்சாலை திண்டிவனத்தையும் காட்டும். அவர்களைத் தங்கவைக்கப் பள்ளிகளும் திருமண மண்டபங்களும் திறக்கப்படும். குடிநீரும் பாலும் அங்கிருந்தே தரப்படும். 2019 நவம்பரில் செங்கல்பட்டு தனி மாவட்டமானது. அவசரநிலை ஏற்பாட்டின் பொறுப்பாளர் அம்மாவட்ட ஆட்சியர். ஏற்பவரோ விழுப்புரம் மாவட்ட ஆட்சியர். ஒத்திகையில் பேருந்துகள் புறப்படும் ஊர்கள் மண்டலத்திற்குள் உள்ளன. அவை வந்து சேரக்கூடிய திண்டிவனத்தில், அம்மக்களோடு அவ்வூராரும் எந்தக் கிணற்று நீரைப் பருகலாம், யாரிடம் கேட்டு அறியலாம் என்பதற்கான ஏற்பாடு பதினாறு கிலோமீட்டர்க் கணக்கிற்குள் வருவதில்லை.